எட்டு ஆட்டங்களில் ஒரே வெற்றி: பயிற்சியாளரை மாற்றினால் தீருமா?

காரைக்குடிக்கு அருகே ஒரு கல்லூரியில் இரண்டாம் ஆண்டு படிக்கும் உங்கள் தம்பி, கால்பந்து அணியின் கேப்டன். இந்தப் பருவத்தில் ஆடிய எட்டு ஆட்டங்களில் ஒரு வெற்றி, ஒரு டிரா, ஆறு தோல்வி. பயிற்சியாளரை மாற்றச் சொல்லி அணியினர் கல்லூரி முதல்வருக்கு மனு எழுதிவிட்டார்கள். கேப்டன்தான் முதலில் கையெழுத்துப் போட வேண்டும் என்று தம்பியை நெருக்குகிறார்கள். அவரோ சாப்பாடு இறங்காமல் இருக்கிறார், அணியை விட்டே விலகிவிடலாமா என்கிறார். கையெழுத்துப் போடலாமா என்பது நீங்கள் எழுதிய கேள்வி. ஆனால் இத்தனை ஸ்கோர்களையும் ஒன்றுவிடாமல் எழுதி அனுப்பியிருக்கும் அக்கா, இந்தத் தோல்விகள் எங்கிருந்து வந்தன, அதில் தன் தம்பியின் பங்கு எவ்வளவு என்றுதான் கேட்கிறார் என்று எனக்குப் படுகிறது. அதற்கே பதில் சொல்கிறேன். கையெழுத்து விஷயம் அதிலேயே தெளிந்துவிடும்.

செட்டிநாட்டுக் கல்லூரிகளில் 27 ஆண்டுகள் உடற்கல்வி இயக்குநராக இருந்து ஓய்வு பெற்றவன் நான். வென்ற அணிகளையும் தோற்ற அணிகளையும் வெளியூர் ஆட்டங்களுக்குப் பஸ்ஸில் ஏற்றிக்கொண்டு போய் வந்திருக்கிறேன். உங்கள் தம்பியின் அணி ஆடி நான் பார்த்ததில்லை. பயிற்சியாளரையும் அறியேன். அதனால் அவர் திறமையானவரா இல்லையா என்ற தீர்ப்பை என்னிடம் எதிர்பார்க்க வேண்டாம். நீங்கள் தந்த விவரங்களை வைத்து எதை உறுதியாகச் சொல்ல முடியுமோ அதைச் சொல்கிறேன், எது என் ஊகமோ அதை ஊகம் என்றே சொல்கிறேன்.

முதலில் ஸ்கோர்கள். 0-1, 1-2, 1-1, 0-6, 1-2, 2-1, 0-1, 0-3. அடித்தது 5 கோல், வாங்கியது 17. மொத்தத்தைப் பார்த்தால் யாருக்கும் நெஞ்சு அடைக்கும். ஆனால் ஆறு தோல்விகளில் நான்கு, ஒரே கோல் வித்தியாசத்தில் வந்தவை. வாங்கிய 17-ல் 6 ஒரே பிற்பகலில் வந்தவை. அந்த ஒரு நாளை எடுத்துவிட்டால் ஏழு ஆட்டங்களில் 11 கோல். தொடர்ந்து மிதிபட்ட அணியின் கணக்கு இப்படி இருக்காது. பெரும்பாலான நாட்களில் எதிரணிக்கு ஈடுகொடுத்து, கடைசியில் நழுவவிட்ட அணியின் கணக்கு இது.

கால்பந்தில் கோல் அரிதாக விழுகிறது. 2022 உலகக் கோப்பையில் 64 ஆட்டங்களுக்கு 172 கோல்கள், ஆட்டத்துக்கு மூன்றுகூட இல்லை. கோல் இவ்வளவு அரிதாக இருக்கும் விளையாட்டில், கம்பத்தில் பட்டுத் திரும்பிய ஒரு பந்து ஒரு நாளின் முடிவையே மாற்றிவிடும். ஒரு சிறு கணக்குப் பாருங்கள். வெற்றி, டிரா, தோல்வி மூன்றுக்கும் சம வாய்ப்புள்ள நடுத்தர அணி ஒன்று எட்டு ஆட்டங்கள் ஆடினால், ஒரு வெற்றியோடோ வெற்றியே இல்லாமலோ முடிவதற்கு ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கு வாய்ப்பு உண்டு. அதாவது அப்படிப்பட்ட ஐந்து கல்லூரிகள் ஆடினால், ஒரு கல்லூரியில் யார் தவறும் இல்லாமலேயே இப்படி ஒரு மனு எழுதப்படும். உங்கள் தம்பியின் அணி அந்த ஐந்தாவது கல்லூரிதான் என்று நான் அடித்துச் சொல்லவில்லை. எட்டு ஆட்டங்களை மட்டும் வைத்து ஓர் அணியையோ மனிதரையோ எடை போட்டுவிட முடியாது என்பது மட்டும் உறுதி.

அதிர்ஷ்டத்தின் தலையில் எல்லாவற்றையும் கட்டிவிடவும் முடியாது. நீங்கள் போகிற போக்கில் எழுதிய ஒரு வரி என் கண்ணில் பட்டது: ஒரு கோலில் தோற்ற நான்கு ஆட்டங்களில் மூன்றில், தோற்கடித்த கோல் கடைசி இருபது நிமிடங்களில் விழுந்திருக்கிறது. இதிலும் கொஞ்சம் கழிக்க வேண்டும். எந்த நாட்டுத் தொடரை எடுத்தாலும் கடைசிக் கால் மணி நேரத்தில்தான் கோல்கள் அதிகம் விழும். கால் களைக்கும், கவனம் சிதறும், பின்தங்கிய அணி எல்லோரையும் முன்னே தள்ளும். அதைக் கழித்த பிறகும் நான்கில் மூன்று என்பது என்னை யோசிக்க வைக்கிறது, ஏனென்றால் இதே நோயை நம் பக்கத்தில் நான் திரும்பத் திரும்பப் பார்த்திருக்கிறேன்.

நம் ஊர்ப் பையன்கள் கால்பந்து கற்பது எழுவர் போட்டிகளில். கோயில் திருவிழா, பொங்கல், கோடை விடுமுறை என்று ஊருக்கு ஊர் நடக்கும் போட்டிகள். சின்ன மைதானம், குறைந்த நேரம், எதிரணியின் பின்கள வீரர்களைத் தாண்டி நின்று பந்து வாங்கக் கூடாது என்ற ஆஃப்சைடு விதியே பல இடங்களில் கிடையாது. அங்கே வளர்ந்த பையனுக்குக் காலில் பந்து ஒட்டிக்கொள்ளும், குறுகிய இடத்தில் இருவரை ஏமாற்றுவான், தொலைவிலிருந்து துணிந்து அடிப்பான். அந்தப் போட்டிகள் இல்லாவிட்டால் சிவகங்கை, புதுக்கோட்டைப் பக்கங்களில் கால்பந்தே இருந்திருக்காது. நன்றியோடு சொல்கிறேன். ஆனால் பதினொருவர் ஆட்டம் வேறு. நூறு மீட்டர் நீளம், 90 நிமிடம். தொழில்முறை வீரர் ஒருவர் ஓர் ஆட்டத்தில் சுமார் பத்துக் கிலோமீட்டர் ஓடுகிறார். எழுவரில் பழகியவன் முதல் அரை மணி நேரத்தில் முழு மூச்சையும் செலவழித்துவிடுவான். அறுபதாவது நிமிடம் தாண்டியதும், பந்து தொலைந்த இடத்திலேயே இடுப்பில் கை வைத்து நிற்பான். நடுக்களத்துக்கும் பின்களத்துக்கும் இடையில் ஒரு வெற்றிடம் திறக்கும். எதிரணியின் கெட்டிக்காரன் ஒருவன் அதில் வந்து நிற்பான். பின்கள வீரர்களுக்கு ஒரே கோட்டில் ஏறி ஆஃப்சைடு பிடித்த பழக்கம் இல்லை என்பதால், ஒருவர் ஏறி ஒருவர் நின்று, பந்து நடுவில் புகுந்துவிடும். உங்கள் தம்பியிடம் கேளுங்கள், அந்த மூன்று கோல்களும் ஏறத்தாழ இப்படித்தான் விழுந்தனவா என்று. ஆம் என்றால், காரணத்தில் பாதி கிடைத்துவிட்டது.

இன்னொரு பாதி கோல்கீப்பர் நின்ற இடத்தில் இருக்கலாம். சென்ற ஆண்டு மூன்றாம் ஆண்டு முடித்து வெளியேறியவர்களில் கோல்கீப்பரும் நடுப் பின்கள வீரர்கள் இருவரும் உண்டு என்று எழுதியிருக்கிறீர்கள். கல்லூரி அணியின் விதியே இதுதான். கிளப் அணி ஒரு வீரரைப் பத்து ஆண்டு வைத்திருக்கும். கல்லூரிக்குக் கிடைப்பது மூன்று ஆண்டு. முதல் ஆண்டு கூச்சத்தில் போகும், இரண்டாம் ஆண்டில் ஆட்டம் பிடிபடும், மூன்றாம் ஆண்டில் அவனே தூணாகி நிற்கும்போது பட்டச் சான்றிதழை வாங்கிக்கொண்டு போய்விடுவான். முன்கள வீரன் போனால் அணி கொஞ்சம் குறைவாக கோல் அடிக்கும். கோல்கீப்பரும் அவருக்கு முன்னால் நின்ற இருவரும் சேர்ந்து போனால், அந்த அணிக்கு நடுமுதுகே போய்விட்டது என்று பொருள். மூவரும் ஒன்றாகப் பழகிய பேச்சு, பார்வை, யார் ஏறுவது யார் நிற்பது என்ற புரிதல் எல்லாம் அவர்களோடு போய்விடும். அப்படிப்பட்ட ஆண்டில் நன்றாக ஆடிய அணியை நான் ஒன்றோ இரண்டோதான் பார்த்திருக்கிறேன்.

புதிய கோல்கீப்பர் வாங்கிய கோல்களில் பல, தரையோடு மூலைக்குப் போனவை என்கிறீர்கள். பையன் சோம்பேறி, பாயவே மாட்டேன் என்கிறான் என்று மற்றவர்கள் ஏசுகிறார்களாம். தயவு செய்து அந்தப் பையனை ஏச வேண்டாம் என்று சொல்லுங்கள். நம் மைதானங்கள் செம்மண்ணும் சரளையும். வெயில் காலத்தில் அந்தத் தரை அரம் போல இருக்கும். அதில் ஒருமுறை பக்கவாட்டில் பாய்ந்தால் இடுப்பிலும் முழங்கையிலும் தோல் உரிந்துவிடும், வெள்ளைச் சட்டையில் ரத்தமும் செம்மண்ணும் கலந்து ஒட்டும். சிராவயல் மஞ்சுவிரட்டில் காளையின் திமிலைத் தாவிப் பிடித்த ஒருவன் என்னிடம் கோல்கீப்பராக இருந்தான். அவனே சரளைத் தரையில் பாயத் தயங்கினான். துணிச்சலுக்கும் இதற்கும் சம்பந்தமில்லை. தினமும் பயிற்சியில் பாயாமல் நின்றபடியே பந்தைப் பிடித்துப் பழகிய உடம்பு, ஆட்டத்தில் மூளை சொன்னாலும் பாயாது. நெஞ்சு உயரத்துக்கு வரும் பந்தை அவன் அழகாகப் பிடிப்பான், தரையோடு போகும் பந்தைக் கண்ணால் வழியனுப்புவான். இது என் ஊகம் அல்ல. இதை ஓர் ஆண்டு முழுக்க நோட்டுப் புத்தகத்தில் குறித்து வைத்திருந்தேன். அதற்கு வைத்தியமும் கண்டேன், பின்னால் சொல்கிறேன்.

அந்த 0-6 ஆட்டத்துக்கு வருகிறேன். அன்று அகமதிப்பீட்டுத் தேர்வு இருந்ததால் ஒன்பது பேர்தான் போனார்கள் என்று எழுதியிருக்கிறீர்கள். ஏழு பேருக்குக் குறைந்தால்தான் ஆட்டம் நடத்தக் கூடாது என்கிறது விதி. ஒன்பது பேரோடு ஆடலாம், ஆடினார்கள், ஆறு கோல் விழுந்தது. அந்த ஆட்டத்தைக் கால்பந்துக் கணக்கிலேயே சேர்க்கக் கூடாது என்பேன். 2001 ஏப்ரலில் ஆஸ்திரேலியாவிடம் அமெரிக்க சமோவா என்ற குட்டிப் பசிபிக் தீவு அணி 31-0 என்று தோற்றது. சர்வதேச ஆட்டங்களில் அதைவிடப் பெரிய தோல்வி இல்லை. அந்த அணி ஏன் அப்படித் தோற்றது தெரியுமா? பாஸ்போர்ட் சிக்கலால் முதன்மை அணியில் ஒரே ஒருவர்தான் ஆடத் தகுதி பெற்றார், கோல்கீப்பர் நிக்கி சலாப்பு. இருபது வயதுக்குட்பட்டோர் அணியிலிருந்து ஆள் எடுக்கலாம் என்றால், அந்தப் பையன்களில் பலருக்குப் பள்ளித் தேர்வு. கிடைத்த விடலைகளைக் கூட்டிக்கொண்டு போனார்கள். அதே சலாப்பு 2011 நவம்பரில் டோங்காவை 2-1 என்று வென்ற அணியிலும் கோல் கம்பத்துக்கு நடுவே நின்றார். 31 கோல் வாங்கிய நாளில் அவர் மோசமான கோல்கீப்பராக இருந்தார் என்று யாராவது சொன்னால் ஏற்பீர்களா? உங்கள் தம்பி அணியின் அந்த ஆறு கோல்களும் அதே வகைதான். அதற்காக யாரையாவது கேட்க வேண்டும் என்றால், தேர்வு நாளன்று ஆட்டத்துக்கு ஒப்புக்கொண்டது யார் என்று கேட்கலாம். அது பயிற்சியாளராகவும் இருக்கலாம், கல்லூரி அலுவலகமாகவும் இருக்கலாம், போட்டி நடத்தியவர்கள் தேதியை மாற்ற மறுத்தும் இருக்கலாம். விசாரித்துவிட்டுப் பேசுங்கள்.

இப்போது பயிற்சியாளர். ஹாலந்தின் முதல்நிலைத் தொடரில் 1986 முதல் 2004 வரை நடந்த பயிற்சியாளர் மாற்றங்களை ஆராய்ந்திருக்கிறார்கள். தொடர்ந்து தோற்ற பிறகு பயிற்சியாளரை மாற்றிய அணிகள் மெல்ல மீண்டன. அதே அளவு தோற்று, மாற்றாமல் வைத்திருந்த அணிகளும் ஏறக்குறைய அதே வேகத்தில் மீண்டன. பள்ளத்தின் அடியில் ஆளை மாற்றினால், பிறகு ஏறும் மேடு புது ஆளால் வந்தது போலத் தோன்றும். அது சம்பளம் வாங்கும் வீரர்களின் உலகம், நம் கல்லூரிக்கு அப்படியே பொருந்தும் என்று சொல்ல மாட்டேன். ஆனாலும் மனுவில் கையெழுத்துப் போடுமுன் இதை எண்ணிப் பார்க்க வேண்டும்.

பயிற்சியாளரை ஸ்கோரால் அளக்காதீர்கள் என்றால் எதைக் கொண்டு அளப்பது? வாரத்தில் எத்தனை நாள் வந்தார், ஒருவன் நொண்டிக்கொண்டு வந்தால் உட்கார வைத்தாரா ஓட வைத்தாரா, தோற்ற மறுநாள் என்ன செய்தார். இந்த மூன்றாவதை நான் என் தவறிலிருந்து கற்றேன். பணியில் சேர்ந்த நான்காம் ஆண்டு, தொடர்ந்து நான்கு ஆட்டங்கள் தோற்றோம். கோபத்தில், தோற்ற ஒவ்வொரு ஆட்டத்துக்கும் மறுநாள் பயிற்சியை இரட்டிப்பாக்கினேன். மதிய வெயிலில் மைதானத்தைச் சுற்ற விட்டேன். மூன்று வாரத்தில் மூன்று பேருக்குக் கணுக்கால் பிசகியது, ஒருவன் மயங்கி விழுந்தான். அடுத்த இரண்டு ஆட்டங்களையும் தோற்றோம். அந்தப் பையன்கள் என்னை எதிர்த்து ஒரு வார்த்தை சொல்லவில்லை, சொல்லியிருக்க வேண்டும். உங்கள் தம்பியின் பயிற்சியாளர் இப்படித் தண்டிப்பவராக இருந்தால், காயத்தோடு ஆடச் சொல்பவராக இருந்தால், பயிற்சிக்கே வராதவராக இருந்தால், அந்தக் காரணத்தைத் தெளிவாக எழுதி மனுக் கொடுங்கள், ஆறு வெற்றி வந்திருந்தாலும் கொடுங்கள். தோற்றோம் என்பது மட்டுமே காரணமென்றால், தம்பி கையெழுத்துப் போட வேண்டாம் என்பது என் கருத்து. பயிற்சிக்கு எத்தனை பேர் ஒழுங்காக வந்தார்கள் என்பதையும் நேர்மையாக எண்ணிப் பார்க்கச் சொல்லுங்கள். கல்லல், பள்ளத்தூர், புதுவயல் என்று வெளியூரிலிருந்து வரும் பையன்கள் மாலை பஸ்ஸைப் பிடிக்க ஐந்தரைக்கே பையைத் தூக்கிவிடுவார்கள். அது அவர்கள் குற்றமில்லை, அடுத்த பஸ் எப்போது வரும் என்று அவர்களுக்குத்தான் தெரியும். பதினொரு பேரும் சேர்ந்து ஒரு முழுப் பயிற்சி ஆட்டம் ஆட முடியாத அணி, எழுபதாவது நிமிடத்தில் எப்படி ஆட வேண்டும் என்பதை எங்கே கற்கும்?

தம்பி விலகலாமா என்றால், விலக வேண்டாம். இரண்டாம் ஆண்டிலேயே கேப்டன் ஆனவர் என்றால், மூன்றாம் ஆண்டு மாணவர்கள் அணியில் குறைவு என்றுதான் எனக்குப் புரிகிறது. அப்படியானால் அடுத்த ஆண்டு இந்த அணி ஏறக்குறைய அப்படியே திரும்பி வரும். அது கல்லூரி அணிக்கு அபூர்வமாகக் கிடைக்கும் வரம். ஆனால் சாப்பாடு இறங்கவில்லை, தூக்கம் இல்லை என்பது வாரக்கணக்கில் நீடித்தால், கால்பந்தை ஒதுக்கி வைத்துவிட்டு மருத்துவரிடம் அழைத்துப் போங்கள். அதில் என் அனுபவம் உதவாது.

விடுமுறையில் செய்யக்கூடியவற்றைச் சொல்கிறேன். ஓட்டத்துக்கு: நான்கு நிமிடம் கடுமையாக ஓட வேண்டும், மூன்று நிமிடம் மெல்ல ஓட வேண்டும், இப்படி நான்கு முறை. நார்வேயில் இளம் வீரர்களுக்கு வாரம் இருமுறை, 8 வாரம் இதைக் கொடுத்துப் பார்த்தார்கள். 2001-ல் வெளியான முடிவின்படி, ஆட்டத்தில் அவர்கள் ஓடிய தூரம் 20 விழுக்காடு கூடியது. நான் கடைசிப் பத்து ஆண்டுகள் இதைத்தான் செய்தேன், விடியற்காலையில் மட்டும். பயிற்சிக்கு முன் ஃபிஃபா 11+ என்ற இருபது நிமிடப் பயிற்சி வரிசையைச் செய்யச் சொல்லுங்கள். கருவி எதுவும் வேண்டாம், பந்தும் தரையும் போதும். 2008-ல் நார்வே இளம் வீராங்கனைகளிடம் நடந்த பெரிய ஆய்வில் காயங்கள் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு குறைந்தன. கணுக்கால் பிசகி நான்கு பேர் ஓரமாக உட்கார்ந்திருக்கும் அணிக்கு இதைவிட நல்ல தந்திரம் கிடையாது. பின்கள வீரர்கள் நால்வரையும் ஒரு கயிற்றைப் பிடித்துக்கொண்டு சேர்ந்து ஏறி இறங்கப் பழக்குங்கள். பார்க்கச் சிறுபிள்ளை விளையாட்டாக இருக்கும், ஒரே மாதத்தில் பலன் தெரியும்.

கோல்கீப்பருக்கு வைக்கோல். தை அறுவடை முடிந்ததும் நம் பக்கத்தில் வைக்கோல் எளிதாகக் கிடைக்கும். முழங்கால் உயரத்துக்குப் பரப்பி, மேலே தார்ப்பாயை இழுத்துக் கட்டி, அதன்மேல் தினமும் வலப்பக்கம் முப்பது, இடப்பக்கம் முப்பது என்று பாயச் சொன்னேன். பங்குனி, சித்திரையில் கண்மாய் வற்றியதும் அதன் உட்பக்கத்து வண்டல் தரைக்குக் கூட்டிப் போனேன். வெடிப்பு விழுமுன் அது மெத்தை போல இருக்கும். ஆறு வாரத்தில் பயம் உடம்பை விட்டுப் போகும். பிறகு சரளைத் தரையிலும் பாய்வான், நீளக் கால்சட்டையும் முழங்கை உறையும் வாங்கிக் கொடுத்துவிட்டால்.

இரண்டாவது கோல்கீப்பர் ஒருவரும் கட்டாயம் வேண்டும். ஜூன் மாதம் சேர்க்கை தொடங்கும்போது கால்பந்து ஆடத் தெரிந்த பையனை மட்டும் தேட வேண்டாம் என்று தம்பியிடம் சொல்லுங்கள். நம் ஊர்களில் மாலையானால் வாலிபால் வலை கட்டாத தெரு குறைவு. என்னிடம் இருந்தவர்களில் மிகச் சிறந்த கோல்கீப்பர், தேவகோட்டைப் பக்கத்துக் கிராமத்திலிருந்து வந்த வாலிபால் பையன். கால்பந்தை அதுவரை காலால் தொட்டதில்லை. கையை விரித்துத் தாவவும் தரையில் உருண்டு எழவும் அவனுக்கு ஏற்கெனவே தெரிந்திருந்தது. மீதியை மூன்று மாதத்தில் கற்றுக்கொண்டான்.